இருநூற்றுப் பன்னிரண்டாவது பெயர்

துரைக்கண்ணுவுக்கும் எனக்கும் பழக்கம் ஏற்பட்டது கல்யாண மண்டபங்களில். இரண்டு பேருமே கல்யாணத்துக்குப் போனவர்கள் அல்ல. ஆரணியில் மறியல், முற்றுகை, ஊர்வலம் என்று எது நடந்தாலும் போலீஸ் எங்களை வேனில் ஏற்றிக்கொண்டு போய் ஏதாவது ஒரு மண்டபத்தில் அடைக்கும். மதியம் தக்காளி சாதம் வரும். சாயங்காலம் ஆறு மணிக்கு விட்டுவிடுவார்கள். மறுநாள் பேப்பரில் இத்தனை பேர் கைது என்று இரண்டு வரி வரும். பஸ் கட்டணத்துக்காக, சுடுகாட்டுப் பாதைக்காக, பட்டு நூல் விலைக்காக என்று இருபது வருடங்களில் நாங்கள் சேர்ந்து சாப்பிட்ட தக்காளி சாதத்துக்கு அளவே இல்லை.

நான் தறிக்காரன், பெயர் கமலக்கண்ணன். நெசவாளர் சங்கத்தில் வாய் கிழியப் பேசுகிறவன் என்று ஊரில் பெயர். துரைக்கண்ணு அரிசி மில்லில் மூட்டை தூக்குகிறவன். ஊருக்கு வெளியே காலனியில் வீடு. நிலம் என்று ஒரு சாண் கிடையாது. ஆனால் கையெழுத்து மட்டும் அச்சடித்த மாதிரி இருக்கும். எட்டாவதோடு நின்றவனுக்கு அது எப்படி வந்தது என்று யாருக்கும் தெரியாது. மில்லில் மூட்டைகளின் மேல் அரிசியின் பெயரை மை தொட்டு எழுதுவதும் அவன்தான்.

இந்தக் கையெழுத்தை முதலில் கண்டுபிடித்தது போலீஸ்தான். மண்டபத்தில் அடைத்ததும் கைதானவர்களின் பெயர், தகப்பன் பெயர், வயது, விலாசம் எல்லாம் எழுத வேண்டும். ஏட்டு சந்திரமோகனுக்கு அந்த வேலை வேப்பங்காய். ஒரு நாள் துரைக்கண்ணு கையில் பேப்பரையும் பேனாவையும் கொடுத்து, "நீயே எழுதிடுப்பா" என்று சொல்லிவிட்டு ஃபேனுக்கு அடியில் போய் உட்கார்ந்துகொண்டார். அன்றிலிருந்து கைதாகிறவர்களின் பட்டியலைக் கைதானவனே எழுதுவது எங்கள் ஊர் வழக்கமாகிவிட்டது. துரைக்கண்ணுவுக்கு அதில் தனிப் பெருமை. பட்டியலில் பெயர் இருப்பது அவனுக்குக் கல்வெட்டில் பெயர் இருப்பது போல. எங்களில் ஒருவருக்கும் அது ஆபத்தாகத் தோன்றியதில்லை. ஆறு மணிக்கு வீட்டுக்குப் போனால் விஷயம் முடிந்தது என்று நினைத்துக்கொண்டிருந்த மடையர்கள் நாங்கள்.

அவன் மகள் அகல்யாவுக்குப் போலீஸ் வேலைக்குப் போக வேண்டும் என்று வெறி. காலை ஐந்து மணிக்கே பள்ளிக்கூட மைதானத்தில் ஓடிக்கொண்டிருப்பாள். "அப்பன புடிச்சி அடைக்குது போலீசு, பொண்ணு போலீசாவறேன்னு நிக்குது" என்று நான் கிண்டல் செய்வேன். "ஆவட்டும்ணா. நம்ம புள்ளயே புடிச்சா மெதுவா வேன்ல ஏத்தும்" என்பான் துரைக்கண்ணு. அந்த வீட்டில் மாதச் சம்பளம் வாங்கியவர் ஒருவர்கூட இல்லை. அவள்தான் முதல் ஆளாக வரவேண்டியவள்.

இரண்டாயிரத்து இருபது பிப்ரவரியில் குடியுரிமைச் சட்டத்தை எதிர்த்துப் பள்ளிவாசல் கமிட்டி ஊர்வலம் அறிவித்தது. பக்கத்து நாடுகளிலிருந்து வந்தவர்களுக்குக் குடியுரிமை தரும் அந்தச் சட்டம் முஸ்லிம்களை விட்டுவிட்டது. இலங்கைத் தமிழர்களும் அதில் இல்லை. அடுத்து எல்லோரிடமும் அப்பன் ஆத்தாள் பிறந்த அத்தாட்சி கேட்பார்கள், இல்லாதவர்களைக் குடிமக்கள் பட்டியலிலிருந்து விட்டுவிடுவார்கள் என்ற பயம் ஊரெல்லாம் இருந்தது. கமிட்டிக்காரர் இனாயத் பாய் எங்களைக் கூப்பிட்டபோது துரைக்கண்ணு யோசிக்கவே இல்லை. "எங்கப்பன் பொறந்தது யாரு கழனியிலயோ. அதுக்கு சர்டிபிகேட் எவன் குடுப்பான்? பாய்க்கு வர்ற பேஜாரு நாளைக்கி எனுக்கும் வரும்" என்றான்.

ஊர்வலம் ஒழுங்காகத்தான் நடந்தது. பெண்கள் குழந்தைகளோடு வந்திருந்தார்கள். கையில் தேசியக் கொடி. ஒரு கல் பறக்கவில்லை, ஒரு கெட்ட வார்த்தை எழவில்லை. தாலுகா ஆபீசுக்கு ஒரு தெரு முன்னால் மறித்தார்கள். ரோட்டிலேயே உட்கார்ந்து தேசிய கீதம் பாடினோம். பாடி முடிக்கும்வரை காத்திருந்து வேனில் ஏற்றினார்கள். அவ்வளவு மரியாதை.

மண்டபத்தில் வழக்கம்போல் பேப்பர் துரைக்கண்ணு கைக்கு வந்தது. இனாயத் பாய்க்கு முகம் மாறிவிட்டது. பக்கத்தில் வந்து, "துரைக்கண்ணு, பேரெல்லாம் எழுதிக் குடுக்கணுமா? இந்த பயத்துலதானே நாங்க ரோட்டுக்கே வந்தோம்" என்றார். துரைக்கண்ணு சிரித்தான். "எத்தினி வருசமா எழுதிகினு இருக்கேன் பாய். ஒண்ணியும் ஆவாது" என்றான். நானும் கூடச் சேர்ந்து சிரித்தேன். பாய் தன் பெயரையும் மனைவி பெயரையும் சொல்லிவிட்டுப் போனார்.

சந்திரமோகன் தலையை எண்ணி, இருநூற்றுப் பன்னிரண்டு என்று இன்ஸ்பெக்டருக்கு வயர்லெஸ்ஸில் சொல்லிவிட்டார். பத்திரிகைக்காரர்களும் குறித்துக்கொண்டு போய்விட்டார்கள். துரைக்கண்ணு எல்லோரையும் எழுதிவிட்டுக் கடைசியாக என்னிடம் வந்தான். நான் அவனைத் தூணுக்குப் பின்னால் இழுத்துக்கொண்டு போனேன்.

"துரை, என் பேரு வேணாம்பா. நெசவாளர் சொசைட்டி எலக்சன்ல நிக்கப் போறேன். பையனுக்கு வேற பாஸ்போர்ட் போட்டிருக்கேன்."

"நம்பர் சொல்லிட்டாங்களேண்ணா. ஒண்ணு கொறயுதுன்னு ஏட்டு கத்துவாரு."

"உங்க வூட்டுல யாரு பேரையாவது போட்டுடேன்."

இதைச் சொன்னவன் நான்தான். அவன் மனைவி செல்லியம்மாள் பெயர் ஏற்கெனவே பட்டியலில் இருந்தது. அந்தம்மாள் அங்கேயே உட்கார்ந்து சாப்பிட்டுக்கொண்டிருந்தாள். துரைக்கண்ணு ஒரு நிமிடம் யோசித்தான். பிறகு முகம் மலர்ந்தது. "அகல்யா பேரு போடறேன். வந்தவாசில கோச்சிங் கிளாஸ் இல்லன்னா அவளும் வந்திருப்பா. நல்ல காரியத்துல அவ பேரும் இருக்கட்டும்" என்றபடி, இருநூற்றுப் பன்னிரண்டு என்று எண் போட்டு, அழகாக எழுதினான். அகல்யா, தகப்பன் பெயர் துரைக்கண்ணு, வயது இருபது. ஏட்டு கடைசி எண்ணை மட்டும் பார்த்துக் கையெழுத்துப் போட்டார்.

அடுத்த மாதமே கொரோனா வந்து எல்லாவற்றையும் மூடிவிட்டது. அந்தக் கோச்சிங் கிளாசும் இருந்த இடம் தெரியாமல் போனது. அகல்யா மட்டும் ஓடுவதை நிறுத்தவில்லை. மறு வருடத்துக்குள் எழுத்துத் தேர்வில் தேறினாள். நானூறு மீட்டர் ஓட்டத்தில் தேறினாள். நீளம் தாண்டுவதிலும் குண்டு எறிவதிலும் தேறினாள். துரைக்கண்ணு மில்லில் எல்லோருக்கும் மைசூர்பாகு கொடுத்தான். எனக்கு வீட்டுக்கே கொண்டுவந்து கொடுத்தான். நானும் வாங்கித் தின்றேன்.

அதன் பிறகுதான் நன்னடத்தை விசாரணை வந்தது. விண்ணப்பத்தில் ஒரு கேள்வி இருந்ததாம்: உங்கள் மீது எப்போதாவது வழக்குப் பதிவாகியிருக்கிறதா? அகல்யா இல்லை என்று எழுதியிருந்தாள். மண்டபத்துப் பட்டியலோ அப்படியே முதல் தகவல் அறிக்கையில் ஏறியிருந்தது. சட்டவிரோதமாகக் கூடியதாக இருநூற்றுப் பன்னிரண்டு பேர் மீது வழக்கு. அந்த மாதிரி வழக்குகளையெல்லாம் வாபஸ் வாங்குவதாக அரசாங்கம் ஏற்கெனவே அறிவித்துவிட்டது. அதனால் என்ன? வழக்கு வாபஸ் ஆனாலும், மறைத்தது மறைத்ததுதானாம். நிராகரிக்கப்பட்டது என்று தபால் வந்தது.

அகல்யா அழவில்லை. வக்கீல் ஒருவரைப் பிடித்து அந்தப் பட்டியலின் ஜெராக்ஸ் வாங்கிக்கொண்டு வந்தாள். அதை அப்பன் முன்னால் வைத்து, "இது யார் கையெழுத்துப்பா?" என்று மட்டும் கேட்டாள். துரைக்கண்ணு எல்லாவற்றையும் சொன்னான், என்னையும் சேர்த்து. இந்த நாட்டில் பட்டியலில் பெயர் விட்டுப்போகுமே என்று பயந்துதான் அத்தனை பேர் ரோட்டில் உட்கார்ந்தார்கள். அந்த ரோட்டுக்கே வராத பெண்ணின் பிழைப்பு, பட்டியலில் பெயர் ஏறியதால் போயிற்று. இதை நினைக்கிறபோதெல்லாம் எனக்கு யாரையாவது அறைய வேண்டும்போல் இருக்கும். அறைய வேண்டிய கன்னம் என்னுடையதுதான் என்பதும் தெரியும்.

வக்கீல் மேல்மனு போட்டார். விசாரணைக்குத் திருவண்ணாமலைக்குக் கூப்பிட்டார்கள். முந்தின நாள் துரைக்கண்ணு என் வீட்டுக்கு வந்தான். உள்ளே வரச் சொல்லியும் வாசலிலேயே நின்றான்.

"நா பொய்யா எழுதனன்னு சொல்லிடறேண்ணா. என்னா தண்டனன்னாலும் சரி. நீங்க கூட வந்தா போதும்."

"கேட்டா சொல்றேன் துரை" என்றேன். அந்தக் 'கேட்டா' எனக்குள் எங்கிருந்து வந்தது என்று எனக்கே தெரியும். அப்போது நான் சொசைட்டித் தலைவர். பையன் ரஞ்சித்குமார் சிங்கப்பூருக்குப் போய் மூன்று மாதம்கூட ஆகவில்லை.

அதிகாரி நல்ல மனிதராகத்தான் தெரிந்தார். எங்கள் மூன்று பேரையும் உள்ளே விட்டார். துரைக்கண்ணு கையைக் கட்டிக்கொண்டு எல்லாவற்றையும் சொன்னான். பெண் அங்கே இல்லவே இல்லை, ஒரு ஆள் குறைந்ததால் தானே எழுதிவிட்டதாகச் சொன்னான். அதிகாரி பட்டியலைப் புரட்டிப் பார்த்தார்.

"பெத்த பொண்ணுக்காக அப்பன் என்ன வேணாலும் சொல்லுவான். இத வச்சி நான் என்ன எழுத முடியும்? குறைஞ்ச அந்த ஆள் யாரு? நீ எழுதும்போது பக்கத்துல யாராவது பாத்தாங்களா? ஒருத்தர் சொன்னாலும் போதும், பரிசீலனைன்னு எழுதி மேல அனுப்பறேன்."

அறையில் ஃபேன் ஓடிக்கொண்டிருந்தது. துரைக்கண்ணு என் பக்கம் திரும்பவில்லை. அகல்யா திரும்பினாள். என்னையே பார்த்துக்கொண்டு நின்றாள். நான் அதிகாரியின் மேசையிலிருந்த காலண்டரில் தேதி பார்த்தேன். மைக் பிடித்தால் ஒரு மணி நேரம் விடாத வாய் இது. அன்றைக்குத் திறக்கவில்லை. துரைக்கண்ணுவே பேசினான்.

"யாரும் இல்லீங்க. தனியாதான் குந்திகினு எழுதினேன்."

அதிகாரி பெருமூச்சு விட்டு ஃபைலை மூடினார்.

மூன்று பேரும் ஒரே பஸ்ஸில்தான் ஆரணிக்குத் திரும்பினோம். மூன்று டிக்கெட்டையும் நானே எடுத்தேன். வேண்டாம் என்று யாரும் சொல்லவில்லை. அப்பனும் மகளும் எனக்குப் பின் சீட்டில் உட்கார்ந்திருந்தார்கள். பஸ் போளூர் தாண்டியது. பிறகு அகல்யாவின் குரல் கேட்டது. நான் கேட்கக் கூடாதென்று அவள் குரலைத் தாழ்த்தவும் இல்லை.

"ஏம்பா அவரு பேர சொல்லல?"

"அவருக்கும் புள்ள இருக்குதும்மா."

"உனுக்கு?"

நான் திரும்பிப் பார்க்கவில்லை.