குறுக்குக் கம்பியில் காய்ந்த கால்சட்டை

நாட்டுக்காகக் கோல் காத்தவள் என்று யாராவது என்னை அறிமுகம் செய்துவைத்தால் எதிரே இருப்பவர் முகம் உடனே மலர்ந்துவிடும். தேசியகீதம் பாடும்போது அழுகை வந்ததா, எத்தனை நாடு பார்த்தீர்கள் என்றெல்லாம் கேட்பார்கள். எனக்கோ முதலில் நாற்றம்தான் ஞாபகத்துக்கு வரும். என்ன செய்ய, என் மூக்கு அப்படி.

மைதானம் முழுக்கப் புல் இருந்தாலும் கோல் வாசலில் மட்டும் இருக்காது. கோல் காக்கிற கோலி நின்று நின்று, விழுந்து விழுந்து அந்த இடம் பள்ளமாகியிருக்கும். ரங்கூன் மழை தொடங்கிவிட்டால் அந்தப் பள்ளம் வற்றவே வற்றாது. தெருநாய்கள் அங்கே வந்து செய்வதையெல்லாம் செய்துவிட்டுப் போகும். கோலுக்குப் பின்னால் குந்தியிருந்து வேடிக்கை பார்க்கிற ஆண்கள் வெற்றிலையை மென்று வலை வழியாகவே துப்புவார்கள். அதில் விழுந்து புரண்டுதான் நான் பந்து பிடித்தேன். முழங்கையில் அப்பியிருப்பது சேறா வேறு ஏதாவதா என்று குனிந்து பார்க்கக் கூடாது. பார்த்தால் அடுத்த பந்துக்குப் பாயத் தோன்றாது. கர்மம்!

தொண்ணூறுகளின் பிற்பகுதியில் பெண்கள் தேசிய அணிக்கு முகாம் போட்டார்கள். எங்களுக்கென்று புது உடுப்பு கிடையாது. ஆண்கள் அணி கழித்துப்போட்டதுதான் எங்களுக்கு வரும். இடுப்பிலும் முழங்காலிலும் பஞ்சு வைத்துத் தைத்த கோலிக் கால்சட்டை ஒன்று என் பங்குக்கு வந்தது. அது ஆண்கள் அணியின் கோலி போட்டுத் தேய்ந்தது. அந்த ஆள் பெரிய நட்சத்திரம், டீக்கடைச் சுவர்களில் எல்லாம் அவர் படம்தான். படத்தில் மணக்கவா போகிறது? அந்தப் பஞ்சுக்குள் ஊறிக் கிடந்த அவருடைய வியர்வை நாற்றம் இருக்கிறதே, சீ! சோப்புப் போட்டேன், எலுமிச்சம்பழம் தேய்த்தேன், கொதிக்கிற தண்ணீரில் முக்கினேன். ஈரம் பட்டதும் மறுபடி கிளம்பி வரும். வேறு வழியில்லாமல் அதையே மாட்டிக்கொண்டு ஆடினேன்.

இரண்டு அணிகளும் தங்கியிருந்த விடுதிக்கு முன்னால் வெயில் படுகிற இடத்தில் நீளமாகத் துணிக்கொடி கட்டியிருந்தது. அது ஆண்களுக்கு. எங்கள் கொடி கக்கூசுக்குப் பின்னால், சுவர் ஓரமாக, ஆள் நடமாட்டம் இல்லாத இடத்தில் இருந்தது. காரணம் பர்மாவில் சின்னப் பிள்ளைக்குக்கூடத் தெரியும். ஆணுக்கு என்று பிறவியிலேயே ஒரு மகிமை உண்டாம். பெண் இடுப்புக்குக் கீழே உடுத்திய துணி அவன் தலைக்கு மேலே தொங்கினால், அவன் அதன் அடியில் நடந்தால், அந்த மகிமை போய்விடுமாம். அதனால் பெண்களின் தமேய்ன், அதாவது எங்கள் லுங்கி, எப்போதும் கண்ணில் படாமல் தாழத்தான் காய வேண்டும். ஆக, எங்கள் துணி காயவே காயாது. காய்ந்தாலும் கக்கூஸ் வாடையோடுதான் காயும்.

மழை ஓயாமல் பெய்துகொண்டிருந்த ஒரு வாரத்தின் நடுவில் ஒரு நாள் திடீரென்று வெயில் சுள்ளென்று அடித்தது. காலைப் பயிற்சி எங்களுக்கு, மாலைப் பயிற்சி ஆண்களுக்கு. நடுவில் மைதானம் காலி. பஞ்சு வைத்த அந்தச் சனியன் சொட்டச் சொட்ட நனைந்திருந்தது. காற்றும் வெயிலும் ஒன்றாகக் கிடைக்கிற இடம் கோல் போஸ்டின் குறுக்குக் கம்பி ஒன்றுதான். எம்பித் தூக்கி அதன்மேல் போட்டுவிட்டுச் சாப்பிடப் போனேன். பர்மாவிலேயே பிறந்தவளுக்குத் தெரியாதா என்று கேட்பீர்கள். தெரியும்தான். ஆனால் இது தமேய்ன் இல்லையே, ஆம்பிளைக் கால்சட்டை ஆயிற்றே என்று நினைத்துவிட்டேன்.

ஆண்கள் அன்றைக்கென்று சீக்கிரமாக வந்து தொலைத்தார்கள். நான் திரும்பி வந்தபோது அத்தனை பேரும் பெனால்டி கோட்டுக்கு வெளியே பாம்பைக் கண்டவர்கள்போல் நின்றார்கள். ஒருவர் இரண்டு கையாலும் உச்சந்தலையைப் பொத்திக்கொண்டிருந்தார். நட்சத்திரக் கோலி தன் கோலுக்குள் போக மாட்டேன் என்று தரையில் உட்கார்ந்துவிட்டார். இரண்டு அணிகளுக்கும் மேலே ஒரு மேனேஜர் இருந்தார். அவர் போட்ட சத்தத்தில் தெருவே கூடிவிட்டது.

"யாரோடது இது?"

"என்னோடதுதான் செயா," என்றேன். பர்மியில் ஆசிரியரையும் மேலதிகாரியையும் அப்படித்தான் அழைப்போம்.

எங்கள் பயிற்சியாளர் பக்கத்திலேயே நின்றார். வாயில் வெற்றிலை.

மறுநாள் மேனேஜரின் தீர்ப்பு வந்தது. இரண்டு அணிகளும் பார்க்க நான் அந்தக் கோலிக்குக் கடோ செய்ய வேண்டும். கடோ என்றால் மண்டியிட்டு, கை கூப்பி, நெற்றி தரையில் படக் கும்பிடுவது. பிக்குகளுக்கும் பெற்றவர்களுக்கும் செய்வது. செய்தால் அடுத்த மாதம் வெளிநாட்டில் நடக்கும் போட்டிக்கு முதல் கோலி நான். செய்யாவிட்டால் மாற்றுக் கோலியாக இருந்த, மாவ்பி ஊரிலிருந்து வந்த பெண் போவாள், நான் வீட்டுக்குப் போகலாம். நான் அதுவரை விமானத்தில் ஏறியது கிடையாது. நாட்டின் சட்டையோடு ஒரு நிஜமான ஆட்டம் ஆடியது கிடையாது. அதற்காகத்தான் அந்த நாற்றத்தையெல்லாம் சகித்துக்கொண்டு கிடந்தேன்.

"செயா, அது அவரே போட்டிருந்த பேன்ட்டுதானே? அவரு போட்டுக் கழிச்சதத்தான எனக்குக் குடுத்தீங்க?" என்று கேட்டேன்.

"அவன் போட்டப்ப அது பேன்ட்டு. நீ போட்டப்புறம் அது என்னன்னு நான் வாய விட்டுச் சொல்லணுமா கலாமா?"

கலாமா என்பது இந்திய வம்சத்துப் பெண்ணை மட்டமாகச் சொல்லும் சொல். சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். அவர்களோடு எங்கள் பெண்களில் இரண்டு பேரும் சேர்ந்து சிரித்தார்கள்.

யோசிப்பதற்கு ஒரு நாள் விடுப்புக் கொடுத்தார்கள். தாமுவே மார்க்கெட்டுக்குப் பக்கத்தில் என் அம்மா தோசைக்கடை வைத்திருந்தாள். அப்பா இல்லை, நாங்கள் இரண்டு பேர்தான். கல்லில் மாவை ஊற்றிக்கொண்டே முழுக் கதையையும் கேட்டாள். அந்த ஆளை நாலு திட்டுத் திட்டுவாள் என்று பார்த்தால், கரண்டியை என் பக்கம் திருப்பினாள்.

"தப்பு உம்மேலதாண்டி. ஆம்பளைங்க தலைக்கு மேல கொண்டுபோயித் தொங்க விடுவியா?"

"அது அந்தாளு போட்டதும்மா."

"யாரு போட்டா என்ன, கடைசியா நீ போட்டுட்டேல்ல? தீட்டு தீட்டுதான். அந்தப் புள்ளைங்களுக்கு ஒண்ணுகெடக்க ஒண்ணு ஆச்சுன்னா? போயிக் கும்புட்டுட்டு வா. குனிஞ்சா முதுகா ஒடிஞ்சிரும்?"

அம்மாவைக் குறை சொல்ல மாட்டேன். அவள் ஊருக்கு ஒரு பேச்சு, தனக்கு ஒரு பேச்சு என்று இருந்தவள் இல்லை. மாதத்தில் அந்த நாட்கள் வந்தால் மாவைத் தொட மாட்டாள், கடையை மூடிவிடுவாள். வியாபாரம் போனாலும் போகட்டும், தீட்டோடு அடுத்தவருக்குச் சோறு போட மாட்டேன் என்பாள். எனக்கு அதுவும் எரிச்சல்தான். ஆனால் அவள் நம்பினாள்.

மறுநாள் மைதானத்துக்குப் போனேன். செய்துவிடுவது என்று முடிவு கட்டிக்கொண்டுதான் போனேன். கோல் வாசலில் ஒரு பிளாஸ்டிக் நாற்காலி போட்டு நட்சத்திரக் கோலியை உட்கார வைத்திருந்தார்கள். அவர் செருப்பைக்கூடக் கழற்றவில்லை. கன்னத்தில் வெற்றிலையை ஒதுக்கிக்கொண்டு காலை ஆட்டிக்கொண்டிருந்தார். நான் கிட்டே போனதும் தலையைத் திருப்பிப் பக்கத்தில் துப்பினார். நான் நெற்றியை வைக்க வேண்டிய இடத்துக்கு ஒரு முழம் தள்ளி விழுந்தது அது.

எனக்குக் குமட்டிக்கொண்டு வந்தது. இதை வீரம் என்று தயவுசெய்து நினைக்காதீர்கள். வெறும் அருவருப்பு. நாய் நரகல் மேல் கையூன்றி எழுந்தவள் நான். அதற்கெல்லாம் கூசாத உடம்பு இதற்குக் கூசியது. முழங்கால் மடங்கவே இல்லை. "முடியாது" என்று பர்மியில் சொன்னேன், தமிழில் இன்னும் கொஞ்சம் சேர்த்துச் சொன்னேன். விடுதிக்குப் போய்ப் பையை எடுத்துக்கொண்டு தாமுவேக்கு பஸ் ஏறினேன்.

மாவ்பிப் பெண் விமானம் ஏறினாள். அதே நேரத்தில் ஆண்கள் அணியும் வேறொரு போட்டிக்குப் போய்ச் செம உதை வாங்கிக்கொண்டு திரும்பியது. மகிமை போனால் எப்படி ஜெயிப்பார்கள் என்று மேனேஜர் எல்லோரிடமும் சொல்லிக்கொண்டு திரிந்தாராம். நான் பாட்டுக்கு இங்கே உளுந்து ஆட்டிக்கொண்டிருக்க, என் கால்சட்டை கடல் தாண்டிப் போய்க் கோல் வாங்கியிருக்கிறது! நான் சிரித்தேன். அம்மா சிரிக்கவில்லை. நான் செய்த பாவம் அந்தப் பிள்ளைகளைப் பிடித்துவிட்டது என்று வெள்ளிக்கிழமைதோறும் பட்டினி கிடந்து, அம்மன் கோவிலில் விளக்குப் போட ஆரம்பித்தாள். முன்பின் தெரியாத அந்த ஆண்களுக்காக. என்னோடு அவசியத்துக்கு மேல் பேசுவதையும் நிறுத்திவிட்டாள்.

அடுத்த மழைக்காலம் வந்தது. பெண்கள் அணிக்கு மறுபடி ஒரு வெளிநாட்டுப் போட்டி. புறப்படச் சில நாள் இருக்கும்போது மாவ்பிப் பெண் போஸ்டில் மோதித் தோள்பட்டையை உடைத்துக்கொண்டாள். வேறு கோலி கிடையாது. ஒரு காலை நேரம் கடை வாசலில் கார் வந்து நின்றது. மேனேஜர் இறங்கி உள்ளே வந்து ஸ்டூலில் உட்கார்ந்தார். நான் சட்னி அரைத்துக்கொண்டிருந்த இடத்தைவிட்டு எழுந்திருக்கவில்லை.

அம்மா பதறிப்போனாள். முறுகலாக ஒரு தோசை வார்த்து, இரண்டு கையாலும் தட்டைப் பிடித்து அவர் முன்னால் வைத்தாள். அவர் சாப்பிட்டுக்கொண்டே விஷயத்தைச் சொன்னார். முகாம் நாளைக்கே, கோல் எனக்குத்தான் என்றார்.

அம்மா பர்மியில் கேட்டாள்: "அந்தக் கடோ பாக்கி இருக்கே செயா. அத எப்ப செய்யணும்? நான் கூடவே வந்து செய்ய வைக்கிறேன்."

அவர் வாயில் தோசையோடு சிரித்தார். "அட, அதெல்லாம் விடுங்க ஆன்ட்டி. அப்ப சும்மா சொன்னது. பசங்க முறுக்கிக்கிட்டு நின்னானுங்க, அவனுங்கள அடக்க எதையாவது செய்யணுமில்ல? இந்தக் காலத்துல யாரு இதையெல்லாம் நம்புறா?"

கல்லில் கிடந்த தோசை கருகிப் புகைந்தது. அம்மா அதைத் திரும்பிப் பார்க்கவில்லை. வந்து அவர் முன்னாலிருந்த தட்டை, பாதித் தோசையோடு எடுத்தாள். சாப்பிடுகிறவர் கைக்கு அடியிலிருந்து அவள் தட்டை உருவி நான் அதற்கு முன்னும் பார்த்ததில்லை, பின்னும் பார்த்ததில்லை. அப்படியே கழிவு வாளியில் கவிழ்த்தாள்.

"நான் நம்புனேன் செயா," என்றாள். "எம் பொண்ணு நாளைக்கு வருவா. கோல் புடிப்பா. நீங்க எந்திரிங்க."

அவருக்கு முகம் செத்துப்போனது. சட்னி ஒட்டிய விரலோடு எழுந்து காருக்குப் போனார். கார் தெருமுனை திரும்பும்வரை அம்மா பார்த்துக்கொண்டே நின்றாள். பிறகு ஒரு குடம் தண்ணீரைக் கொண்டுவந்து, அவர் உட்கார்ந்திருந்த ஸ்டூலைத் தெருவில் போட்டு, தேய்த்துத் தேய்த்துக் கழுவினாள்.