இடப்பக்கம் திரும்பிய தேன்

அந்தக் கண்ணாடிக் குழாய் ஒரு சாண் நீளம்தான். இரு முனையிலும் பித்தளை மூடி. தேன் கரைத்த நீரை அதில் ஊற்றி, தேனைச் சோதிக்கும் கருவிக்குள் மஞ்சள் விளக்கின் முன் வைத்துக் கண்ணைப் பொருத்தினால் பாதி வெளிச்சமும் பாதி இருட்டுமாக ஒரு வட்டம் தெரியும். இரண்டு பாதியும் ஒரே மங்கலாகும்வரை திருகைத் திருப்பினால், தேன் ஒளியை எந்தப் பக்கம் எவ்வளவு திருப்புகிறது என்று தெரிந்துவிடும். எழுபதுகளின் கடைசியில், ஜவ்வாது மலைத் தேனை வாங்கும் ஒடுகத்தூர் நிலையம் ஒன்றில் நான் எழுத்தர். அந்தக் கருவியை வேறு யாரும் தொடவிடாதவர் எங்கள் கெமிஸ்ட் அம்மா. என் வயதுதான் அவருக்கும். ஆனாலும் யாரும் அவரைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை.

நல்ல தேன் ஒளியை இடப்பக்கம் திருப்பும். சர்க்கரைப் பாகு வலப்பக்கம். எங்கள் மேலாளர் இதை மட்டும் மனப்பாடம் செய்திருந்தார். தேனிலுள்ள குளுக்கோஸ் வலம், ஃப்ரக்டோஸ் இடம், பிறகு எப்படி இரண்டின் பெயருக்கும் முன்னால் வலத்தைக் குறிக்கும் அதே ‘டி’ என்று அவர் புத்தகத்தையே கோபித்துக்கொள்வார். அம்மா சிரிப்பார்.

“அது எந்த வம்சம்னு சொல்ற எழுத்துங்க. எந்தப் பக்கம் போவும்னு சொல்லாது. ஒரே வூட்டுப் புள்ளைங்க எல்லாம் ஒரே பக்கமா போவுது?”

ஒரு தை மாதக் குளிரில் மலையிலிருந்து ஒரு தேன்காரர் டின்னோடு வந்தார். மதிப்பானவர்களுக்கு டின்னின் அடியில் தங்கிய அடித்தேனைத் தருவதுதான் அவர்கள் ஊர் வழக்கம். குளிரில் மணல்மணலாக உறைந்திருந்த அடித்தேனைத் தோண்டி, பரிசோதனைக்கென்று பெருமையாக நீட்டினார். கருவி வலப்பக்கம் காட்டியது. சர்க்கரைக் கலப்பு என்று எழுதச் சொன்னார் மேலாளர். எழுதினால் அந்த ஊரின் தேனையே இனி வாங்கமாட்டார்கள்.

“சக்கர வாங்க எங்கூர்ல கடையே இல்லீங்க” என்றார் தேன்காரர்.

அம்மா என் பேனாவைத் தடுத்தார். இரண்டு பாதியையும் சமமாக்கிவிட்டுக் கையை எடுத்துக்கொண்டார். சற்று நேரம் கழித்து என்னைப் பார்க்கச் சொன்னார். யாரும் தொடவில்லை, ஆனால் ஒரு பாதி வெளுத்திருந்தது. உறைந்த குளுக்கோஸ் எல்லாம் ஒரே வடிவில் இருக்குமாம்; நீரில் கரைந்ததும் அதில் ஒரு பகுதி மெல்ல உருமாறி, வலப்பக்க இழுப்பு தளருமாம். திருகை மறுபடி மறுபடி சரிசெய்துகொண்டே இருந்தோம். மதியச் சாப்பாட்டுக்குள் அது பூஜ்யத்தைக் கடந்து இடப்பக்கம் போய் நின்றது. மேலாளர் இருமுறை எட்டிப் பார்த்துவிட்டுத் தன் அறைக்குப் போய்விட்டார். சுத்தமான தேன் என்று எழுதினேன்.

தேன்காரரும் ஒரு கண்ணை மூடிக்கொண்டு பார்த்தார். “உள்ள உசுரு இருக்குதுங்களா?”

“உசுரு இல்லீங்க. ஆனா சும்மாவும் இல்ல” என்றார் அம்மா.

இன்று பொத்தானை அழுத்தினால் எண் வந்துவிடுகிறது. நிலையத்தை மூடியபோது அந்தக் குழாயைக் கேட்டு வாங்கி வந்தேன். தையில் வீட்டுத் தேன் உறைந்தால் மருமகள் கலப்படம் என்று கொட்டப் போவாள். நான் ஒரு கரண்டி வாங்கி நீரில் கரைத்து, குழாயில் ஊற்றி ஜன்னல் வெளிச்சத்தில் பிடிப்பேன். வெறும் கண்ணுக்கு ஒன்றும் தெரியாது. அது உள்ளே திரும்பிக்கொண்டிருக்கும். குழாயைக் கீழே வைக்க எனக்கு மனம் வராது.