கட்டுக்குப் பக்கத்தில் நின்றவள்

கள்ளக்குறிச்சி பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் ஒரு மாடி அறையில் கல்யாண வீடியோ வெட்டிக்கொண்டிருந்தேன். முதல் முழுநீளப் படம் கைக்கு வந்தபோது எனக்கு முப்பத்திரண்டு வயது. டைட்டிலில் என் பெயர் வரப்போகிறது என்று தெருவெல்லாம் சொல்லிவைத்தேன். அந்த ஆசையைச் சொல்ல எனக்கு வெட்கம் ஒன்றும் இல்லை.

கச்சிராயபாளையம் பக்கம் கரும்பு வெட்டும் ஒரு பெண்ணின் கதை. நடித்தவளும் நிஜமாகவே வெட்டுக்குப் போகிறவள்தான். இயக்குநர் சென்னைக்காரர். உழைப்பைப் பற்றி வாய் கிழியப் பேசுவார்; கரும்பின் காய்ந்த சோகை இலை ஒருநாளும் அவர் கையைக் கீறியதில்லை.

ஒரு காட்சியில் அவள் கரும்பைக் கட்டாகக் கட்டுகிறாள். அடுத்த ஷாட்டில் கட்டு தலையில் இருக்க, லாரியை நோக்கி நடக்கிறாள். இயக்குநர் கேட்டது அப்படித்தான். எனக்குச் சுருக்கென்றது. அந்தக் கனத்தைத் தனியாளாகத் தலைக்கு ஏற்ற முடியாது. இன்னொருத்தி வந்து தூக்கிவிடும்வரை கட்டுக்குப் பக்கத்தில் நிற்க வேண்டும். என் அம்மா இருபது வருஷம் அப்படி நின்றவள்.

ஹார்ட் டிஸ்க் முழுக்கத் தேடினேன். கேமராமேன் நிறுத்த மறந்த ஒரு ஷாட்டில் அதுவும் பதிவாகியிருந்தது. முக்கால் நிமிஷம், இடுப்பில் கை வைத்து, வரப்பையே பார்த்துக்கொண்டு நிற்கிறாள். கடைசியில் ஒருத்தி வந்து தூக்கிவிடுகிறாள். முழுசாகச் சேர்த்தேன்.

படத்தை விழாவுக்கு அனுப்ப மறுநாள்தான் கடைசி. இயக்குநர் நேரில் வந்து பார்த்தார்.

"என்னம்மா இது, ஒண்ணுமே நடக்கல. எடுத்துடு."

"நீங்க ஒரு கட்டைத் தனியா தலையில ஏத்திக் காட்டுங்க சார், எடுத்துடறேன்."

"இந்த ஷாட் இருந்தா உன் பேர் இருக்காது."

நான் பணிந்துவிடுவேன் என்று நினைத்திருப்பார். அவர் கண் முன்னாலேயே டைட்டிலைத் திறந்து என் பெயரை அழித்தேன். வேறு ஆள் பிடிக்க அவருக்கு நேரமில்லை. ஷாட் அப்படியே போனது.

பிறகு கச்சிராயபாளையத்தில் ஒரு மண்டபத்தில் படத்தைப் போட்டார்கள். வெட்டுக்குப் போகும் பெண்கள் முன்னால் தரையில் உட்கார்ந்திருந்தார்கள். இயக்குநர் எனக்குப் பக்கத்து நாற்காலியில். டைட்டில் என் பெயர் இல்லாமலே ஓடி முடிந்தது. பிறகு அந்தக் காட்சி வந்தது. அவள் நின்றாள். நின்றுகொண்டே இருந்தாள். இயக்குநர் நெளிந்தார். முன்வரிசையில் ஒருத்தி திரையைப் பார்த்துக் கத்தினாள்:

"எவ்ளோ நேரம்டி நிப்பா அவ? யாராச்சும் போயி தூக்கி வுடுங்களேன்டி!"