கீழ் அறைக்கு எழுதாத படிவம்

இருபத்து நான்கு மணி நேரம். வெளிநாட்டவர் ஒருவர் வீட்டில் தங்க வந்தால், வீட்டுக்காரர் அதற்குள் அரசுக்குத் தெரிவித்துவிட வேண்டும். திருவண்ணாமலையில் செங்கம் சாலைப் பக்கம் அறை வாடகைக்கு விடுகிற யாரை எழுப்பிக் கேட்டாலும் இதைச் சொல்வார்கள். சரோஜாவும் சொல்வாள். மாடி அறை இரண்டையும் பதினான்கு வருஷமாக வெள்ளைக்காரர்களுக்கு விட்டுவருகிறவள். அந்தக் கெடுவை அவள் ஒருமுறைகூடத் தாண்டியதில்லை. இந்த ஜனவரியில் தாண்டினாள். ஒன்றிரண்டு நாள் அல்ல, பதினெட்டு நாள்.

தாண்டியதே அவளுக்குத் தெரியாது. தெரியவந்தது இருபத்தேழாம் தேதி, செவ்வாய்க்கிழமை காலை ஒன்பதே காலுக்கு. அப்போது சட்னிக்குத் தாளித்துக்கொண்டிருந்தாள்.

வாசலில் பைக் வந்து நின்றது. காவலர் சகாதேவன். சரோஜாவின் பாஸ்போர்ட் விசாரணைக்கு வந்திருந்தார். பத்து நாளாக அவள் எதிர்பார்த்திருந்த பைக்தான் அது. ஐம்பத்து நான்கு வயதில் முதல் பாஸ்போர்ட். மகள் ரேவதி ஜெர்மனியில் ஆஸ்பத்திரி ஒன்றில் நர்ஸ். மார்ச் ஒன்பதாம் தேதி அவளுக்குத் தலைப்பிரசவம். மருமகன் பாலாஜிக்கு அம்மா இல்லை. பாஸ்போர்ட் வந்தால்தான் விசாவுக்கு எழுத முடியும், விசா வந்தால்தான் டிக்கெட். இன்னும் நாற்பத்தோரு நாள். சரோஜா விரல் விட்டு எண்ணிக்கொண்டிருந்தாள்.

சாட்சிக் கையெழுத்துக்கு எதிர் வீட்டுக் கண்ணாயிரம் வந்து உட்கார்ந்தார். அவரும் அறை வாடகைக்கு விடுகிறவர்தான். சரோஜாவின் கணவர் முருகவேல் ஆட்டோவை எடுக்காமல் சட்டை மாட்டிக்கொண்டு நின்றார். எல்லாம் ஒழுங்காகப் போனது. ஆதார், ரேஷன் கார்டு, எத்தனை வருஷமாக இந்த வீடு, கேஸ் ஏதாவது உண்டா?

"கேஸா? நம்ம அம்மா மேலயா?" கண்ணாயிரம் சிரித்தார். "கேஸ் சிலிண்டர் ஒன்னுதான் சார் இருக்குது."

சகாதேவனும் லேசாகச் சிரித்தார். அந்த நேரம் பார்த்து உள்ளேயிருந்து, நைட்டி மேல் துண்டு போட்டு, முழங்காலைப் பிடித்தபடி வந்தார் ஹெல்கா. ஜெர்மன்காரர், எழுபத்து மூன்று வயது. வெள்ளை முடியைக் கொண்டை போட்டிருந்தார்.

"சரோஜா, இட்லி ஆச்சா?"

சகாதேவனின் பேனா நின்றது. "இவங்க யாரும்மா?"

சரோஜாவுக்கு அப்போதுதான் உறைத்தது. சி ஃபாரம். வெளிநாட்டவர் தங்குவதைத் தெரிவிக்கும் படிவம். எல்காம்மாவுக்கு அதைப் போடவில்லை.

பதினோரு வருஷமாக ஹெல்கா கார்த்திகைக்கு முன்னாலோ பின்னாலோ வருவார், மாடியில் தங்குவார். மாடியில் தங்கிய ஒவ்வொரு முறையும் படிவம் போயிருக்கிறது, நகல் ஃபைலில் இருக்கிறது. பத்தாவது படித்த ரேவதிக்கு மாடிப்படியில் உட்கார்ந்து முதல் ஜெர்மன் வார்த்தையைச் சொல்லிக்கொடுத்தவர் அவர்தான். ரேவதி நர்ஸிங் முடித்து அந்த மொழியில் பரீட்சை எழுதிப் பாஸானபோது தெருவுக்கே லட்டு கொடுத்தவரும் அவர்தான். இந்த வருஷம் முழங்கால் ஆபரேஷனுக்குப் பிறகு மாடி ஏற முடியவில்லை. "கீழயே இருங்க, ரேவதி ரூம் சும்மாதான கிடக்குது" என்றாள் சரோஜா. வாடகை பேசவில்லை, வாங்கவும் இல்லை. வாடகைக்கு இருப்பவர்களுக்குத்தான் படிவம். தன் அடுப்பில் சாப்பிட்டு, மகள் கட்டிலில் படுக்கிறவருக்கு எதைப் போய் எழுதுவது? அப்படி யோசித்துக்கூட முடிவு செய்யவில்லை. யோசிக்கவே தோன்றவில்லை.

"யாரும்மா இவங்க?" சகாதேவன் மறுபடி கேட்டார்.

"சம்பந்திங்க சார்."

வாய் தானாகச் சொல்லிவிட்டது. கண்ணாயிரத்துக்குப் புரையேறியது. முருகவேல் சுவரைப் பார்த்தார்.

சகாதேவன் தாளைப் புரட்டினார். "மாப்பிள்ளை பேரு பாலாஜின்னீங்க. கீழ்பென்னாத்தூர்காரருன்னீங்க."

"சம்பந்தி மாதிரிங்க சார்."

"எப்ப வந்தாங்க?"

"நேத்து."

ஹெல்காவுக்குத் தமிழில் யாராவது கேள்வி கேட்டால் போதும், பள்ளிப் பிள்ளை மாதிரி முந்திக்கொள்வார். "இல்லை இல்லை. எட்டாம் தேதி. பொங்கல் இங்கே சாப்பிட்டேன். ரொம்ப நெய்!"

அடுப்பில் கடுகு கருகிய வாசனை வந்தது. சகாதேவன் ஏதோ எழுதினார். முன்பு எழுதியதைவிட நீளமாக எழுதினார்.

"டீ சாப்பிடுங்க சார்" என்றார் முருகவேல்.

"வேணாங்க. நாளைக்குக் காலையில பத்தரைக்கு ரெண்டு பேரும் வேங்கிக்கால் போலீஸ் ஆபீஸுக்கு வாங்க. இவங்க பாஸ்போர்ட்டு, சி ஃபாரம் எல்லாம் எடுத்துனு வாங்க."

"என் பாஸ்போர்ட்டுங்க சார்?"

"அத அப்புறம் பாக்கலாம்மா."

பைக் போய்விட்டது. அவர் குரலை உயர்த்தியிருந்தால்கூட இவ்வளவு பயந்திருக்கமாட்டாள். டீயை வேண்டாம் என்றதுதான் அவளை உலுக்கியது.

"சம்பந்தியாம்!" கண்ணாயிரம் தொடையில் தட்டினார். "ஏம்மா, அவங்க மூஞ்சிக்கும் கீழ்பென்னாத்தூருக்கும் எங்கனா ஒட்டுதா?" பிறகு குரல் இறங்கியது. "வெளையாட்டு இல்லம்மா. இப்பல்லாம் ரூல்ஸு ஜாஸ்தி. கேஸுனு ஒன்னு எழுதிட்டா பாஸ்போர்ட்டு கெனவுதான். அந்தம்மாவையும் பிளாக் லிஸ்டுல போட்டுருவாங்க. அப்புறம் இந்த ஜென்மத்துல இந்தியா பக்கம் வர முடியாது."

சரோஜா நாற்காலியில் உட்கார்ந்தாள்.

பதினோரு மணிக்கு சரோஜாவும் முருகவேலும் ஹெல்காவும் கீர்த்தனாவின் பிரவுசிங் சென்டரில் இருந்தார்கள். இந்தத் தெருவின் சி ஃபாரம் எல்லாம் அங்கிருந்துதான் போகும். முந்தின நாள் குடியரசு தினத்துக்கு ஒட்டிய காகிதக் கொடி கம்ப்யூட்டர் மேல் ஆடிக்கொண்டிருந்தது. கீர்த்தனா பெயர், பாஸ்போர்ட் எண், விசா எண் எல்லாம் அடித்தாள்.

"இந்த விலாசத்துக்கு வந்த தேதி? என்ன போடட்டும்க்கா?"

"நேத்து தேதி போடு" என்றார் கூடவே வந்திருந்த கண்ணாயிரம். "அதுக்கு முன்னாடி பாண்டிச்சேரில இருந்தாங்கனு சொல்லிக்கலாம்."

"ஆமா, அதான் சரி" என்றார் முருகவேல். "சரோஜா, பொண்ணு அங்க தனியா கெடக்குது. வேற வழி இல்ல."

சரோஜாவின் கைப்பேசி அடித்தது. ரேவதி. அந்த ஊரில் அப்போது விடிந்திருக்கவில்லை. வயிறு பெரிதானதிலிருந்து ரேவதிக்கு அந்நேரத்துக்கே விழிப்பு வந்துவிடும். சரோஜா வெளியே போய் நின்று எடுத்தாள்.

"இன்னிக்குப் போலீஸ் வரேன்னாங்களே, வந்தாங்களாம்மா?"

"வந்தாங்க வந்தாங்க. நீ சாப்ட்டியா?" கொஞ்சம் விட்டு, "பக்கத்து வீட்டுல ஒருத்தங்க ஃபாரம் லேட்டாக்கிட்டாங்களாம் ரேவதி. அங்கல்லாம் அப்படி இருக்குதா?"

"இருக்காதா பின்ன? வீடு மாறினா ரெண்டு வாரத்துக்குள்ள ஆபீஸ்ல போய் எழுதணும்மா. வீட்டுக்காரரு கையெழுத்து வேணும். அது இல்லாம பேங்க் கணக்குகூடக் கிடையாது. நாங்க ஒரு மாசம் லேட்டு."

"இன்னா பண்ணாங்க?"

"மொறைச்சாங்க. அப்புறம் எழுதிக்கிட்டாங்க."

"நீங்க தேதிய மாத்திச் சொல்லலியா?"

"எப்படிம்மா? எல்லாமே அவங்க ஸ்கிரீன்ல இருக்குதே."

சரோஜா போனை வைத்தாள். ரோட்டின் எதிர்ப்புறம் புதிதாக வந்த பேக்கரியின் பலகையில் ஐந்து மொழி எழுத்து இருந்தது. அந்தக் கடை ரொட்டிக்கு மாவு வெளிநாட்டிலிருந்து வருகிறது. மாடி அறைக்கு வாடகை ஜெர்மன் பேங்கிலிருந்து ஒரு நொடியில் வந்து விழும். ரேவதியின் வயிற்றுக்குள் இருக்கும் குழந்தையின் ஸ்கேன் படம் இந்தப் போனிலேயே இருக்கிறது. எதையும் எவரும் நிறுத்தவில்லை. ஒரு பொம்பளை ஒரு வீட்டில் படுப்பதற்கும் இன்னொரு பொம்பளை மகளைப் பார்க்கப் போவதற்கும் மட்டும், இந்த ஊரிலும் சரி அந்த ஊரிலும் சரி, யாரோ ஒரு மேசைக்குப் பின்னால் உட்கார்ந்து தேதி கேட்கிறார்கள்.

உள்ளே வந்தாள். "எல்காம்மா, நாளைக்கு ஆபீஸ்ல நீங்க பாண்டிச்சேரில இருந்தேன்னு சொல்லணும். சொல்வீங்களா?"

ஹெல்கா அவளையே பார்த்தார். "பொய் சொல்லணும். உனக்காக சொல்றேன். ரேவதிக்காக சொல்றேன்." முழங்காலைத் தேய்த்துக்கொண்டார். "ஆனா சரோஜா, என் தமிழ் பொய்க்குப் பத்தாது. அவர் ரெண்டு கேள்வி கேட்டா நான் மாட்டிப்பேன்." பிறகு மெதுவாக, "நான் லாட்ஜுக்குப் போறேன். பெட்டி சின்னதுதான். நான் இல்லைன்னா உனக்குப் பயம் கம்மி ஆகும்."

பயம் கம்மியாகவில்லை. வேறு பக்கமாகத் திரும்பியது. கண்ணாயிரம் சொன்னது நிஜமானால் இந்தக் கொண்டை இனி இந்தத் தெருவில் வராது. நேற்றைய தேதியைப் போட்டால் காட்டிக்கொடுக்க எத்தனை பேர் இருக்கிறார்கள்! விமான நிலைய முத்திரை இருக்கிறது, பொங்கலன்று தெருவே எடுத்த போட்டோ இருக்கிறது, சகாதேவனின் நீளமான குறிப்பு இருக்கிறது. காலையில் ஒரு பொய் சொன்னதற்கே தாளிப்பு கருகிவிட்டது.

"எட்டாந்தேதி போடும்மா" என்றாள்.

"சரோஜா!" முருகவேல் அவள் கையைப் பிடித்தார். "பொண்ண நெனச்சிப் பாரு."

"அவளத்தான் நெனக்கிறேன். இன்னிக்குத் தப்பிச்சி, பிளேன் ஏறுறப்ப மாட்டுனா? போடும்மா."

"அழுத்திட்டா மாத்த முடியாதுக்கா" என்றாள் கீர்த்தனா.

சரோஜாவால் திரையைப் பார்க்க முடியவில்லை. காகிதக் கொடியைப் பார்த்துக்கொண்டு, "அழுத்து" என்றாள். பிரிண்டர் கரகரவென்று தாளைத் துப்பியது.

கூடவே ஒரு கடிதமும் எழுதினார்கள். சரோஜா சொல்லச் சொல்லக் கீர்த்தனா அடித்தாள். 'மேற்படி ஹெல்கா என்பவர் ஜனவரி எட்டாம் தேதி முதல் என் வீட்டின் கீழ் அறையில் இருக்கிறார். வாடகை இல்லை. வீட்டு ஆள் போல இருப்பதால் எழுத வேண்டும் என்று எனக்குத் தோன்றவில்லை. தவறு என்னுடையது, அவருடையது அல்ல.'

மறுநாள் பத்து மணிக்கே போய்விட்டார்கள். முருகவேலின் ஆட்டோவில் ஹெல்காவின் காலை நீட்டுவதற்காகச் சரோஜா ஒடுங்கி உட்கார்ந்தாள். ஆபீஸில் அவர்களுக்கு முன்னால் ஏழு பேர். பதினொன்றே முக்காலுக்குப் பெண் அதிகாரி ஒருவர் கூப்பிட்டார். கடிதத்தை இரண்டு முறை படித்தார். சகாதேவனின் குறிப்பைப் படித்தார்.

"சம்பந்தின்னு சொல்லியிருக்கீங்க."

"பயத்துல சொல்லிட்டேங்க மேடம்."

"நேத்துதான் வந்தாங்கன்னும் சொல்லியிருக்கீங்க."

"அதுவும் பயத்துலதாங்க. ஃபாரத்துல சரியான தேதிதான் போட்டிருக்கேன்."

அதிகாரி சிரிக்கவும் இல்லை, திட்டவும் இல்லை. ஹெல்காவின் பாஸ்போர்ட்டைப் பக்கம் பக்கமாகப் புரட்டினார். பதினோரு வருஷத்துப் பழைய படிவங்களின் ஃபைலையும் வாங்கி வைத்துக்கொண்டார். நடவடிக்கை இருக்குமா, எச்சரிக்கையோடு போகுமா என்று அவரால் இப்போது சொல்ல முடியாது. ஞாயிற்றுக்கிழமை தைப்பூசம், பௌர்ணமி. கிரிவலக் கூட்டத்துக்கு ஆபீஸே பந்தோபஸ்துக்குப் போகிறது. அதற்குப் பிறகுதான் பார்க்க முடியும் என்றார்.

"என் பொண்ணுக்கு மார்ச் ஒன்பதுங்க மேடம்."

"எழுதி வச்சிருக்கேன்மா."

விசாரணை பிப்ரவரி மூன்றாம் தேதி, செவ்வாய்க்கிழமை, காலை பதினொரு மணி. அதுவரை சரோஜாவின் பாஸ்போர்ட் அறிக்கை ஆபீஸைவிட்டுப் போகாது. ஹெல்கா கீழ் அறையிலேயே இருக்கிறார்.