எந்த இடம் என்று கேட்கும் பூதம்

இலங்கையில் உயர்தர வகுப்பில் கிரேக்க உரோம நாகரிகம் என்று ஒரு பாடம் இருக்கிறது. அதைப் படிக்க வருபவர்களில் பாதிப்பேர் அது லேசான பாடம் என்று யாரோ சொன்னதை நம்பி வந்தவர்கள். மீதிப்பேர் தாங்கள் கேட்ட பாடம் கிடைக்காமல் வந்து விழுந்தவர்கள். நான் இரண்டாவது வகை. பிற்பாடு அதையே படிப்பிக்கவும் தொடங்கினேன். கொழும்பு வெள்ளவத்தையில் ரியூட்டரி என்கிற ஒரு தனியார் வகுப்பின் இரண்டாம் மாடி, சனிக்கிழமை காலை, ஒரு மின்விசிறிக்கு அறுபது பேர்.

கிரேக்கத் தெய்வங்களை எனக்கு முதல் நாளே பிடித்துப்போனது. கும்பிடுகிற மாதிரி ஒருவர்கூட அதில் இல்லை. தலைமைத் தெய்வம் மாடாகவும் அன்னமாகவும் வேஷம் போட்டுக்கொண்டு பெண்களுக்குப் பின்னால் அலைவார். மனைவி அவரை ஒரு வார்த்தை கேட்காமல் அந்தப் பெண்களைப் போட்டு வதைப்பார். வெள்ளவத்தைக் காலி வீதியில் எந்தத் தொடர்மாடிக்குப் போனாலும் ஏதோ ஒரு மாடியில் இந்தக் குடும்பம் குடியிருக்கும். குளத்துத் தண்ணீரில் தன் முகத்தைப் பார்த்து மயங்கியே செத்துப்போன பையனின் கதையைச் சொன்னால், பிள்ளைகள் கொஞ்சம் வெட்கப்பட்டுக் கைபேசியைக் கீழே வைப்பார்கள். ஒரு நிமிஷம் வைப்பார்கள்.

எனக்கு மிகவும் பிடித்தவன் கட்டில்காரத் திருடன். வழிப்போக்கர்களைக் கூப்பிட்டுத் தன் கட்டிலில் படுக்கவைப்பான். கட்டிலைவிட நீளமானவர்களின் காலை வெட்டுவான். குட்டையானவர்களை இழுத்து நீட்டுவான். இந்தக் கதையை நான் நல்ல நடிப்போடு சொல்வேன். ஆனால் அதே கட்டிலில் என் காலை நானே வெட்டிக்கொண்டு படுத்திருந்தது அப்போது எனக்குத் தெரியாது.

நடந்தது இதுதான். நான் பிறந்து வளர்ந்தது கொழும்பிலேயே, கொட்டாஞ்சேனையில். அப்பா துறைமுகத்தில் கிளார்க்காக இருந்து இறந்துபோனார். அவருடைய அப்பா தூத்துக்குடியிலிருந்து கப்பலில் வந்தவர். அம்மா புறக்கோட்டையில் ஒரு சேலைக் கடையில் இருபத்தைந்து வருஷமாக விற்பனையில் நிற்கிறார். ரியூட்டரியில் வேலை கேட்டுப் போன அன்று நிர்வாகி என் சான்றிதழ்களைப் புரட்டிக்கூடப் பார்க்கவில்லை.

"சேர் எந்த இடம்?" என்றார்.

வெள்ளவத்தையில் இந்தக் கேள்விக்குக் கொட்டாஞ்சேனை பதில் ஆகாது. கேட்பவர் உங்கள் வீடு எங்கே என்று கேட்கவில்லை. யாழ்ப்பாணத்தில் எந்த ஊர் என்று கேட்கிறார். எனக்கு முன்னால் வேலை கேட்டு வந்தவர் வேறு ஊர் சொல்லி, வேலை கிடைக்காமல் எழும்பிப் போனதைப் பார்த்திருந்தேன். வாயில் வந்த ஒரு ஊரின் பெயரைச் சொன்னேன். யாழ்ப்பாணத்து வாசலான ஆனையிறவைத் தாண்டி ஒரு நாளும் போகாதவன் நான்.

அடுத்த மாதமே என் படத்தோடு போஸ்டர் வந்துவிட்டது: 'யாழ்ப்பாணத்தின் பிரபல ஆசிரியர்'. பிறகென்ன, ஆமாவை விட்டு யாழ்ப்பாணத்தார் மாதிரி மூச்சுக்கு மூச்சு ஓம் சொன்னேன். போனனான், வந்தனான் என்று கதைத்தேன். அம்மா ஊரில் இருக்கிறார் என்று சொன்னேன். பக்கத்திலேயே ஓர் அறை எடுத்துத் தங்கினேன். ஞாயிற்றுக்கிழமைகளில் மட்டும் பஸ் ஏறிக் கொட்டாஞ்சேனைக்குப் போய் அம்மாவின் கையால் சாப்பிட்டு வருவேன். அப்படி மூன்று வருஷம்.

இதற்கிடையில் எனக்குக் காதல் வந்துவிட்டது. அடுத்த அறையில் அளவையியல், அதாவது தர்க்கம், படிப்பித்த ஆசிரியை. அசல் யாழ்ப்பாணம். கோயில் விஷயத்திலும் சிக்கல் இல்லை, இரண்டு பேரும் கத்தோலிக்கர்; அந்த ஒன்றிலாவது நான் பொய் சொல்லத் தேவைப்படவில்லை. சிக்கல் அவருடைய அப்பாவிடம் இருந்தது. அவர் ஓய்வுபெற்ற தபாலதிபர். வடக்கில் ஏழெட்டு ஊர்களில் வேலை பார்த்தவர். எந்த ஒழுங்கையில் எந்தப் படலைக்குப் பின்னால் யார் இருக்கிறார்கள் என்பது அவருக்கு மனப்பாடம். "அம்மாவைக் கூட்டிக்கொண்டு வரச் சொல்லு, கதைப்பம்" என்று மகளிடம் சொல்லி அனுப்பினார்.

அந்த ஞாயிற்றுக்கிழமை அம்மாவிடம் எல்லாவற்றையும் கக்கினேன். போஸ்டரைப் பற்றியும், அவரையே நான் யாழ்ப்பாணத்துக்கு அனுப்பிவைத்திருப்பது பற்றியும். அம்மா வெங்காயம் உரித்துக்கொண்டே கேட்டார். ஆச்சரியப்படவே இல்லை. நான் பக்குவமாகச் சொன்ன விதம் அப்படி என்று நினைத்துக்கொண்டேன்.

"அவர் எந்த இடம்னு கேப்பாரும்மா. நான் சொன்ன ஊரையே நீங்களும் சொல்லணும். ஆமான்னு சொல்லக் கூடாது, ஓம்."

"ஓம் தம்பி, நாங்கள் சுகமாய் இருக்கிறம். நீங்கள் எப்ப வந்தனீங்கள்?" என்றார் அம்மா, அப்படியே.

நான் வாயைப் பிளந்தேன். கடைக்குக் கலியாணச் சேலை எடுக்க வருகிறவர்களில் பாதிப்பேர் யாழ்ப்பாணத்து ஆட்கள். அவர்களோடு அவர்கள் மாதிரி, முஸ்லிம் பெண்களோடு அவர்கள் மாதிரி, சிங்களவர்களோடு சிங்களத்தில் என்று கால் நூற்றாண்டு கதைத்தவர். மூன்று வருஷம் பாடுபட்டு நான் பிடித்ததை அவர் வெங்காயம் உரித்து முடிப்பதற்குள் பிடித்துவிட்டார்.

ஏன் இவ்வளவு பயப்படுகிறாய் என்று கேட்டார். அதற்குப் பதிலாக ஒரு கிரேக்கக் கதையைச் சொன்னேன். ஊர் எல்லையில் ஒரு பூதம்: பெண் முகம், சிங்க உடம்பு. வருகிறவர்களிடம் ஒரு விடுகதை போடும். காலையில் நாலு கால், மத்தியானம் இரண்டு கால், பின்னேரம் மூன்று கால், அது என்ன? தெரியாதவனைத் தின்றுவிடும். ஒருவன் வந்து, அது மனுஷன் என்றான். தவழ்கிறான், நடக்கிறான், ஊன்றுகோல் பிடிக்கிறான். பூதம் விழுந்து செத்தது. அவனை ராசா ஆக்கினார்கள். "உலகத்து மனுஷன் யாருன்னு சொன்னானே, அவனுக்குத் தான் யாரு பெத்த புள்ளைன்னு தெரியாதும்மா. அதுதான் கதை."

"அப்புறம்?"

அப்புறம் அவன் கட்டிக்கொண்டது பெற்ற தாயை. அறுபது பிள்ளைகளுக்கு முன்னாலேயே அந்த இடத்தைக் குரலைத் தாழ்த்திக்கொண்டு ஓடிக் கடப்பேன். வெங்காயம் உரிக்கும் அம்மாவிடம் எப்படிச் சொல்ல? "அப்புறம் பெரிய கலாட்டா" என்று முடித்துவிட்டேன்.

மாப்பிள்ளை பார்க்கிற நாள் வந்தது. அம்மா கடையிலேயே நல்ல சேலையாக ஒன்று எடுத்துக் கட்டியிருந்தார். வெள்ளவத்தை, நாலாம் மாடி, கடல் தெரிகிற வீடு. வடை வைத்தார்கள். தபாலதிபர் மூக்குக்கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு, அம்மாவைப் பார்த்துக் கேட்டார்.

"அப்ப, அம்மா எந்த இடம்?"

அம்மா வடையைத் தட்டில் வைத்தார். விரலைத் துடைத்துக்கொண்டு என்னைக் காட்டினார்.

"தம்பி யாழ்ப்பாணங்க. நான் கொட்டாஞ்சேனை."

குசினி வாசலில் நின்ற அளவையியல் பெரிதாகச் சிரித்துவிட்டது. அம்மாவுக்கு அந்தப் பொய் வராமல் இல்லை. என்னைவிட நன்றாகவே வரும். எனக்காக எத்தனையோ செய்தவர், இதைச் செய்ய மாட்டேன் என்று அந்த நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். வெட்கம் என்றால் என்ன என்று அன்றுதான் எனக்குத் தெரிந்தது.

"நானும் கொட்டாஞ்சேனைதான்" என்றேன். மூன்று வருஷத்தில் ஓம் இல்லாமல் நான் அந்த வட்டாரத்தில் பேசிய முதல் வசனம்.

தபாலதிபர் என்னைப் பார்க்கவில்லை. அம்மாவிடம் திரும்பி, "கொட்டாஞ்சேனையில எந்த ஒழுங்கை?" என்றார். இளமையில் அங்கேயும் ஒரு வருஷம் வேலை பார்த்தவராம். அரை மணி நேரம் இரண்டு பேரும் ஒழுங்கை ஒழுங்கையாகப் போய் வந்தார்கள். எழும்பும்போது மட்டும் என் பக்கம் திரும்பினார். "விலாசம் பிழையா வந்த கடிதத்தை நான் ஒருநாளும் எறிஞ்சதில்லை தம்பி. ஆனா வச்சிருந்துதான் குடுப்பன்."

சொன்னபடியே ஒரு வருஷம் வைத்திருந்துதான் மகளைத் தந்தார். அந்த மகளுக்கு முதல் வாரத்திலிருந்தே சந்தேகமாம். "நீங்கள் சொல்லுற அளவுக்கு ஓம் யாழ்ப்பாணத்தில ஒருத்தரும் சொல்லுறேல்ல" என்று இன்றைக்கும் நக்கலடிப்பார். ரியூட்டரியில் உண்மையைச் சொன்னேன்; நிர்வாகி போஸ்டரை மாற்றினார், 'கொழும்பின் பிரபல ஆசிரியர்' என்று. பிள்ளைகள் ஒருவரும் விலகவில்லை. பூதம் என்று நான் பயந்தது இவ்வளவுதான்.

ஆனால் எனக்கு மறக்காதது அன்று திரும்பிப் போன பஸ். அம்மா ஜன்னல் ஓரம் இருந்தார். பஸ் கொள்ளுப்பிட்டியைத் தாண்டியது. நான் மன்னிப்புக் கேட்க வார்த்தை தேடிக்கொண்டிருந்தேன்.

"அந்த ராசாவோட அம்மா என்னா ஆனா?" என்றார் திடீரென்று.

"எந்த ராசா?"

"தான் யாருன்னு தெரியாத ராசா. அவன பெத்தவ ஒருத்தி இருந்திருப்பாளே."

என் குறிப்பில் அவளுக்கு ஒரே ஒரு வரி. பரீட்சைக்கு வராது என்று அதையும் அடைப்புக்குள் போட்டிருந்தேன். பொய் சொல்லிச் சொல்லிக் களைத்திருந்ததால் உள்ளதைச் சொன்னேன்.

"மகன் யாருன்னு தெரிஞ்ச அன்னைக்கே செத்துப்போயிட்டா."

அம்மா தலையை ஆட்டினார். வெளியே கடல் பக்கம் திரும்பினார்.

"நான் ஒன் போஸ்டர மருதானையில பாத்தேன்" என்றார். "மூணு வருஷமாச்சு. அன்னைக்கு ஞாயித்துக்கெழம. வீட்டுக்கு வந்து ஒனக்கு மீன் பொரிச்சேன்."