மாமாவின் மஞ்சள் கேபிள்

மாமாவின் கிதாரில் செருகியிருந்த மஞ்சள் கேபிளின் மறுமுனை எதிலும் செருகப்படவில்லை. வெல்வெட் கோட்டுக்குப் பின்னால் இறங்கி ஸ்டுடியோ தரையில் சும்மா கிடந்தது. டிவியில் எங்கள் குழு முதன்முதலாகத் தோன்றிய நாள் அது. அந்த நிகழ்ச்சியில் யாரும் நிஜமாக வாசிப்பதில்லை. பதிவான பாட்டை ஓடவிட்டு, வாசிப்பதுபோல் கையை ஆட்டினால் போதும். அந்த வித்தையில் மாமாவை மிஞ்ச ஆள் கிடையாது. கண்ணை மூடி, தலைமுடியைச் சிலுப்பி அவர் துடித்த துடிப்பைப் பார்த்து கேமராமேனே கைதட்டினார். பதிவில் ஒலித்த கிதார் நான் வாசித்தது.

மாமா என்றால் அக்காவின் கணவர். எங்கள் சைகடெலிக் ராக் குழுவின் தலைவரும் அவர்தான். பெங்களூரு அடுகோடியில் ஒரு லேத் பட்டறையின் மாடியில் ஒத்திகை நடக்கும். கண்ணாடித் தட்டில் எண்ணெயும் கலர்த் தண்ணீரும் ஊற்றி, புரொஜெக்டர் வெளிச்சத்தில் அதைச் சுவரெல்லாம் வழியவிடுவார். "மியூசிக் தானா வரும்டா, மொதல்ல மூட் முக்கியம்" என்பார். மூடை அவர் பார்த்துக்கொண்டார், மியூசிக்கை நான் போட்டேன்.

எங்களுக்குப் பெயர் வாங்கித் தந்த பதினோரு நிமிடப் பாட்டின் மெட்டு கோலார் தங்கவயலில் பிறந்தது. அப்பா வேலை பார்த்த சுரங்கத்தில் ஷிப்ட் முடிந்ததும் ஊதும் சங்கு மெல்ல ஏறி, நின்று, உடைந்து இறங்கும். அதைக் கேட்ட பிறகுதான் அம்மா அப்பாவுக்குச் சோறு வடிப்பாள். அந்த ஏற்ற இறக்கத்தைத்தான் நான் கிதாரில் பிடித்தேன். மெட்டு எங்கிருந்து வந்தது என்று டிவி தொகுப்பாளினி கேட்டபோது மாமா, "இமயமலையில தியானம் பண்றப்ப கனவுல வந்துச்சு" என்றார். ஓசூரைத் தாண்டாதவர், தியானத்தில் தூங்கியதை வேறு ஒப்புக்கொள்கிறார். நான் பக்கத்தில் இளித்துக்கொண்டு நின்றேன். வீட்டுக்கு வந்து நான் கோபத்தில் குதித்தபோது அக்கா என் கையைப் பிடித்துக்கொண்டு, "விடுடா, எனக்காக" என்றாள். விட்டேன். அவரைவிட என்மேல்தான் எனக்கு அருவருப்பு அதிகம் என்று எழுதினால் கண்ணியமாக இருக்கும். ஆனால் அது பொய், அவர்மேல்தான் அதிகம்.

குழு கலைந்தபோது சாமான்களைப் பிரித்ததில் அந்தக் கேபிள் என் பங்குக்கு வந்தது. நான் தொம்மலூரில் ஓர் ஆபீஸ் வேலையில் சேர்ந்தேன். மாமா டிவியிலேயே குடியேறிவிட்டார். சீரியலில் சாமியார் வேஷம். பிறகு பாட்டுப் போட்டிக்கு நடுவர். உருத்திராட்சமும் கூலிங் கிளாஸுமாக உட்கார்ந்து, "ஆத்மா பத்தலம்மா" என்று பிள்ளைகளை அழவைப்பார். வாசிக்கச் சொல்லி அவரை யாரும் கேட்டதே இல்லை.

இப்போது கேட்டுவிட்டார்கள். பழைய பாட்டை இணையத்தில் கண்டெடுத்த இளசுகளுக்காக ஒரு சேனல் நேரலை நிகழ்ச்சி வைத்திருக்கிறது. நிஜமாகவே வாசித்தாக வேண்டுமாம். போன வாரம் அக்கா விவேக் நகரில் என் வீட்டுக்கு வந்தாள். "அவருக்கு விரல் வலியாம். ஸ்கிரீனுக்குப் பின்னாடி நின்னு நீ வாசிக்கணுமாம். கூட்டிட்டு வரச் சொன்னாரு" என்றாள்.

அடுத்து வரப்போகும் "எனக்காக" என்ற சொல்லுக்காகத் தலையைக் குனிந்து காத்திருந்தேன். அவள் டீயை நிதானமாகக் குடித்து முடித்தாள்.

"அது அப்பாவோட சங்குடா" என்றாள். "நீ வராதே."

பீரோ மேலிருந்து மஞ்சள் கேபிளை இறக்கி, தூசி தட்டி, சுருட்டி அவள் பையில் வைத்தேன்.

"மாமாகிட்ட குடு. இந்த வாட்டி ரெண்டு பக்கமும் சொருகச் சொல்லு."