சட்டத்துக்குள் சித்தப்பா

கோட்டாற்றில் என் சித்தப்பா வீட்டுக்குள் நுழைந்ததும் எதிர்ச்சுவரில் அவருடைய பெரிய படம் தெரியும். கண்ணாடியில் குங்குமப் பொட்டு, மேலே சின்னச் சிவப்பு விளக்கு. புதிதாக வருகிறவர்கள் முகத்தைத் தொங்கப்போட்டுக்கொண்டு உட்கார்வார்கள். சித்தப்பாவே காப்பித் தம்ளரோடு வந்து நிற்கும்போது அவர்களுக்குத் தூக்கிவாரிப் போடும்.

சித்தப்பா துணை நடிகர். சினிமாவில் பஞ்சாயத்துக் கூட்டத்தில் தலையாட்டுவார், கல்யாணப் பந்தியில் சாப்பிடுவார். வசனம் பேசும் வேஷம் மட்டும் வாய்க்கவில்லை. பிறகு ஒரு தொலைக்காட்சித் தொடரில் கதாநாயகியின் செத்துப்போன அப்பாவாகப் போட்டார்கள். ஒரு நாள் உட்காரவைத்துப் படம் பிடித்ததோடு சரி. அவர் வடசேரிச் சந்தையில் காய் வாங்கிக்கொண்டிருக்க, சந்தன மாலையோடு அவர் படம் சென்னையில் தினமும் நடித்தது. கதாநாயகி எதற்கெடுத்தாலும் அதன் முன்னால் நின்று அழுவாள்.

“ஓய், அந்தப் பிள்ளை அந்த அழுகை அழுகு. ஒரு வார்த்தை ஆறுதல் சொன்னா வாய் தேஞ்சா போகும்?” என்று டீக்கடையில் கேட்பார்கள். எல்லோரும் சிரிப்பார்கள், சித்தப்பா சிரிக்கமாட்டார். ஒரே ஒரு வசனத்தையாவது தன் வாயால் பேசிவிட வேண்டும் என்று கிடந்து தவித்தவர் அவர்.

தொடரைப் பார்க்க ஆள் குறைந்ததும் இயக்குநர் அப்பாவைப் பிழைக்கவைக்க முடிவு செய்தார். போனை வைத்துவிட்டுச் சித்தப்பா கூவினார்: “ஏட்டி மக்கா, நான் சாகல்லியாம்!”

வசனம் ஒரு வரிதான். மகளின் தலையைத் தடவி, “அழாதேம்மா, அப்பா வந்துட்டேன்” என்று சொல்ல வேண்டும். வீட்டில் எங்கள் எல்லோர் தலையையும் தடவிப் பழகினார். சென்னையில் பேசி நடித்துவிட்டு, இனி தேவைப்படாத அந்தப் படத்தையும் கேட்டு வாங்கிக்கொண்டு ரயிலேறினார். வந்ததும் பொட்டும் விளக்குமாக அப்படியே சுவரில் மாட்டினார்; சித்தி மாலையை மட்டும் பிய்த்தெறிந்தாள். “நான் பூவும் பொட்டுமா இருக்கேன், ஒங்களுக்கு மாலையாக்கும்?”

அந்தக் காட்சி வந்த அன்று தெருவே சித்தப்பா வீட்டுக் கூடத்தில் இருந்தது. திரையில் சித்தப்பா வாயைத் திறந்தார். வந்தது வேறு யாருடையதோ கட்டைக் குரல். நம்மூர் இழுவை ஆகாதென்று ஆள் வைத்துப் பேசவைத்துவிட்டார்கள்.

“இது யாருக்க சத்தம்?” என்றாள் சித்தி.

“யாரோ. நல்ல தொண்டையாக்கும்” என்று சொல்லிவிட்டு அவர் எழுந்து உள்ளே போனார். எனக்கு அந்த இயக்குநர் மேல் வந்த ஆத்திரம் கொஞ்சநஞ்சமல்ல.

மறுநாள் மத்தியானம் அதையே மறுபடியும் போட்டார்கள். சித்தி தொலைக்காட்சியின் சத்தத்தை அடியோடு குறைத்துவிட்டு, “இப்போ நீங்க சொல்லுங்க” என்றாள். திரையில் வாய் அசைய, நாற்காலியிலிருந்து சித்தப்பா சொன்னார். சித்தி மூக்கை உறிஞ்சிக்கொண்டே சோறு போடப் போனாள்.

போன வாரம் என் அலுவலகத் தோழியை அங்கே கூட்டிப் போயிருந்தேன். படத்தைப் பார்த்ததும் அவள் குரலைத் தாழ்த்தி, “எப்போ தவறினாங்க?” என்று கேட்டாள். சித்தி சமையலறைப் பக்கம் திரும்பிக் கண்ணைக் காட்டினாள். காப்பியோடு வந்த சித்தப்பா தம்ளரை வைத்துவிட்டு, படத்துக்கு நேர் கீழே நின்று தோழியின் தலையைத் தடவினார்.

“அழாத மக்கா, அப்பா வந்துட்டேன்லா.”